விருத்தத்திலிருந்து வளர்ந்த இசைவாழ்வு: எம்.எம். தண்டபாணி தேசிகர் – ஒரு நிகழ்வு ஆய்வு

ஆய்வின் வினா

பல துறைகளில் பாடிய ஒருவரைப் பற்றி எழுதும்போது, அவர் பாடிய துறைகளை ஒவ்வொன்றாக அடுக்கிக் காட்டி, பன்முகக் கலைஞர் என்ற பட்டத்தைச் சூட்டி நிறுத்திக்கொள்வது நம்மிடையே வழக்கமாகிவிட்டது. எம்.எம். தண்டபாணி தேசிகரை (1908–1972) அவ்வாறு அடுக்கினால் வரிசை நீண்டுகொண்டே போகும். அவர் தேவாரம் ஓதியவர், கச்சேரி செய்தவர், திரைப்படங்களில் கதாநாயகனாக நடித்துத் தம் பாடல்களைத் தாமே பாடியவர், இசைத்தட்டுகள் வழியே தமிழ்நாடெங்கும் வீடுகளுக்குள் சென்றவர், பாடல்களுக்கு மெட்டமைத்தவர், தேவாரத்தின் பழந்தமிழ் ராகங்களான பண்களின் ஆராய்ச்சியில் ஈடுபட்டவர், அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் இசைத்துறைக்குத் தலைமை தாங்கியவர். இந்த வரிசை உண்மையானதுதான் என்றாலும், ஒரு குரல் இத்தனை இடங்களுக்கும் சென்று எங்கும் தன் இயல்பை இழக்காமல் இருந்தது எப்படி என்பதை அது விளக்குவதில்லை. இவ்வாய்வு அந்த ஒரு வினாவையே எடுத்துக்கொள்கிறது. சிறுவயதில் ஓதுவார் மரபில் பெற்ற விருத்தப் பயிற்சிதான் (விருத்தம் என்பது தாளக் கட்டில்லாமல் சொல்லின் ஓட்டத்தில் ராகத்தோடு பாடும் முறை) தேசிகரின் எல்லாத் துறைகளையும் தாங்கி நின்றது என்பதும், அவர் புதிய துறையில் நுழைந்தபோதெல்லாம் பாடும் முறையை மாற்றிக்கொள்ளாமல் அந்தத் துறையையே தம் முறைக்கு இசைய வைத்தார் என்பதும் என் முடிவு.

தேசிகர் பிறந்தது கடலூர்ப் பகுதியில் அன்று. ஆனால் அவருடைய வாழ்வின் முக்கியமான திருப்பங்கள் பல இந்த மண்ணோடு தொடர்புடையவை. அவருக்குப் பெரும்புகழ் தந்த பாத்திரம் தில்லையைக் காண ஏங்கிய நந்தனார். அவர் மெட்டமைத்தவற்றுள் இன்றும் மிகுதியாகப் பாடப்படும் பாடல் புதுச்சேரிக் கவிஞர் பாரதிதாசன் எழுதியது. அவர் ஆசிரியராகவும் துறைத் தலைவராகவும் பணியாற்றியது சிதம்பரத்தை ஒட்டிய அண்ணாமலை நகரில். கடலூரில் பிள்ளைகளுக்குத் தேவாரமும் கீர்த்தனையும் சொல்லிக்கொடுத்து வரும் எனக்கு இந்த நிகழ்வை ஆராய வேண்டும் என்ற எண்ணம் தோன்றியதற்கு இந்த நெருக்கமும் ஒரு காரணம்.

ஓதுவார் மரபு தந்தது

நன்னிலத்தை அடுத்த திருச்செங்காட்டங்குடியில் தேசிகர் பிறந்தார். சிறுத்தொண்ட நாயனாரின் ஊர் அது. முத்துசுவாமி தீட்சிதரின் அம்சத்வனிக் கீர்த்தனை போற்றும் வாதாபி கணபதி வீற்றிருக்கும் தலமாகவும் அவ்வூர் சொல்லப்படுகிறது. தந்தையார் முத்தையா தேசிகர். தேவாரம் ஓதுவதைக் குலத்தொழிலாகக் கொண்ட குடும்பம் என்பதால், இசை அவருக்கு முதலில் கோயிலில் வாய்மொழியாகவே வந்தது. கும்பகோணம் ராஜமாணிக்கம் பிள்ளையிடம் கருநாடக இசை பயின்றது அதற்குப் பிறகுதான். இந்த வரிசைமுறையை நான் மிக முக்கியமானதாகக் கருதுகிறேன். ராஜமாணிக்கம் பிள்ளை பெரும் வயலின் வித்துவான். அக்காலத்து முன்னணிப் பாடகர்களுக்குப் பக்கம் வாசித்தவர். அவரிடம் சென்றபோது தேசிகரின் குரலில் தேவாரம் ஏற்கெனவே படிந்திருந்தது. ஆகவே ராகமும் தாளமும் சுரமும் அவருக்குச் சொல்லின்மேல் வந்து அமர்ந்தன. சரளி வரிசையில் தொடங்கி வர்ணம், கீர்த்தனை என்று ஏறிச்செல்லும் மாணவருக்கு நேர்வது இதற்கு மாறானது. அவருக்குச் சுரம் முதலிலும் சொல் பின்னாலும் வருகின்றன.

ஓதுவார்கள் பதிகங்களை இரண்டு முறைகளில் பாடுகிறார்கள். தாளத்தோடு பாடுவது பண்ணாங்கம். தாளக் கட்டில்லாமல் சொல்லின் ஓட்டத்தையும் மூச்சின் அளவையும் பின்பற்றிப் பாடுவது சுத்தாங்கம். இரண்டாவது முறை எளிதாகத் தோன்றும். உண்மையில் அதுவே கடினம். தாளம் இருந்தால் சொல் எங்கே விழ வேண்டும் என்பதைத் தாளமே காட்டிக்கொடுக்கும். தாளம் இல்லாதபோது எந்தச் சொல்லில் நிற்பது, எதை அடுத்த சொல்லோடு சேர்ப்பது, எங்கே மூச்சு வாங்குவது என்பதையெல்லாம் பொருளறிந்து பாடுபவரே முடிவு செய்தாக வேண்டும்.

கடலூரின் ஒரு பகுதியான திருப்பாதிரிப்புலியூரிலிருந்தே இதற்குச் சான்று காட்டலாம். சமணர்கள் கல்லில் கட்டிக் கடலில் தள்ளிய திருநாவுக்கரசர் "சொற்றுணை வேதியன்" என்று பாடி, அக்கல்லே தெப்பமாக மிதந்து கரையேறினார் என்பதும், கரையேறிப் பாடலீசுவரர் முன் நின்று "ஈன்றாளுமாய் எனக்கு எந்தையுமாய்" என்று பாடினார் என்பதும் இவ்வூரில் குழந்தைகளும் அறிந்த வரலாறு. முதற்பதிகம் காந்தாரபஞ்சமப் பண்ணில் அமைந்தது; இன்று கேதாரகௌளையில் தாளத்தோடு பாடப்படுகிறது. இரண்டாவது பதிகம் திருவிருத்தம்; அதை ஓதுவார்கள் பைரவியில் தாளமின்றிப் பாடுவார்கள். அதன் முதலடி "ஈன்றாளுமாய் எனக்கு எந்தையுமாய் உடன்தோன்றினராய்" என்று ஓடுகிறது. இறைவன் தாயாகவும் தந்தையாகவும் உடன்பிறந்தாராகவும் நிற்கிறான் என்பது பொருள். "உடன்" என்ற இடத்தில் மூச்சு வாங்கி, "தோன்றினராய்" என்பதைத் தனியே எடுத்தால் உடன்பிறப்பு என்ற உறவே பாட்டிலிருந்து மறைந்துபோகும். இசையில் ஒரு பிழையும் இராது, சுருதி நிற்கும், பைரவியும் பைரவியாகவே இருக்கும். ஆனால் அப்பர் சொல்ல வந்தது கேட்பவருக்குச் சென்று சேராது. இந்த இடத்தில் தடுமாறாத பிள்ளைகள் அரிது. இப்படிப்பட்ட நூற்றுக்கணக்கான இடங்களைப் பதின்ம வயதுக்குள்ளாகவே கடந்து வந்த குரல் தேசிகருடையது. அவருடைய இசைத்தட்டுகளில் எதைக் கேட்டாலும் பாடலின் சொற்களைத் தாளில் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டிய தேவை நமக்கு ஏற்படுவதில்லை. கம்பீரமான, மேல்ஸ்தாயியில் தயங்காமல் நிற்கும் குரல் அவருக்கு இருந்தது என்று பலரும் போற்றியிருக்கிறார்கள். அந்தக் கம்பீரத்தில் பாதி குரல்வளத்தாலும் மறுபாதி சொற்களைப் பிரித்துச் சேர்க்கும் தெளிவாலும் வந்தவை என்பது என் கணிப்பு.

திரைப்படம் அவரை மாற்றவில்லை

1936இல் வேல் பிக்சர்ஸ் தயாரித்த பட்டினத்தார் படத்தில் தேசிகர் கதாநாயகனாக அறிமுகமானார். அப்போது அவருக்கு ஏறத்தாழ இருபத்தெட்டு வயது. அதன்பின் வல்லாள மகாராஜா (1937), தாயுமானவர் (1938), மாணிக்கவாசகர் (1939), நந்தனார் (1942), திருமழிசை ஆழ்வார் (1948) ஆகியவை வந்தன. தேவாரம் பாடியவர் சினிமாவுக்குப் போனார் என்ற செய்தியை ஒரு விலகலாகப் பார்ப்பவர்கள் உண்டு. படங்களின் பெயர்களைச் சற்று நின்று பார்த்தால் அந்த எண்ணம் தானே கரைந்துவிடும். பட்டினத்தார், தாயுமானவர், மாணிக்கவாசகர் என்ற மூவருமே தம் பாடல்களால் வாழ்பவர்கள். அவர்களுடைய வாழ்க்கையைப் படமாக்கினால் அவர்களுடைய பாடல்கள் திரையில் ஒலித்தாக வேண்டும்; அந்தப் பாடல்களோ பெரும்பாலும் விருத்தமாகவோ கண்ணிகளாகவோ பாடப்படுபவை. அவற்றைப் பொருள் குன்றாமல் பாடக்கூடிய ஒருவரைத் தேடிய தயாரிப்பாளர்கள், நாடக மேடைகளைத் தாண்டி ஓதுவார் மரபில் வந்த ஒருவரிடம் வந்து சேர்ந்தது இயல்பே. சைவ மரபில் வந்த அவரைத் திருமழிசை ஆழ்வாராக நடிக்க அழைத்ததற்கும் இதுவே காரணமாக இருந்திருக்கும் என்று எண்ணுகிறேன். பாசுரமும் பதிகமும் வெவ்வேறு கோயில்களில் ஒலித்தாலும், சொல்லை முன்னிறுத்திப் பாடும் தேவை இரண்டுக்கும் ஒன்றுதான்.

அக்காலத் தொழில்நுட்பமும் இவரைப் போன்றவர்களுக்கு ஒத்துழைத்தது. பேசும்படத்தின் தொடக்க ஆண்டுகளில், நடிகரே படப்பிடிப்பின்போது பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் படக்கருவியின் கண்ணுக்குப் படாத இடத்தில் அமர்ந்து வாசிப்பார்கள். முகபாவம், அங்க அசைவு, சுருதி, சொல் ஆகிய அனைத்தும் ஒரே நேரத்தில் வர வேண்டும். சந்நிதியில் நின்றுகொண்டு, எந்த ஒலிபெருக்கியும் இல்லாமல், மனத்திலிருந்தே பாடிப் பழகிய ஓதுவாருக்கு இது புதிய சோதனை அன்று. இசைத்தட்டு வேறுவகைக் கட்டுப்பாட்டை விதித்தது. 78 சுழற்சி இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் ஏறத்தாழ மூன்று நிமிடங்களே கிடைக்கும். கச்சேரியில் அரைமணி நேரம் விரித்துப் பாடும் வித்துவான்கள் பலர் அந்த அளவுக்குள் திணறினார்கள். விருத்தம் பாடுபவரோ நான்கு அடிகளுக்குள் ஒரு ராகத்தின் முகத்தைக் காட்டியாக வேண்டும் என்ற பயிற்சியில் வளர்ந்தவர். கனம் கிருஷ்ண ஐயரின் "ஜகஜ்ஜனனி" தேசிகரின் குரலில் பரவியதை நினைத்துப் பார்க்கலாம். ரதிபதிப்ரியா என்ற அதிகம் கேட்டிராத ராகம், அந்தச் சில நிமிடங்களில் பொதுமக்களின் காதில் தங்கிவிட்டது.

நந்தனாரும் தில்லையும்

இந்த நிகழ்வின் மையம் என்று நான் கருதுவது 1942இல் ஜெமினி நிறுவனத்துக்காக எஸ்.எஸ். வாசன் தயாரித்த நந்தனார் படம். இயக்கியவர் முருகதாசா. பாடல்களைப் பாபநாசம் சிவனும் கொத்தமங்கலம் சுப்புவும் எழுதினர். வேதியராகச் செருகளத்தூர் சாமா நடித்தார். அதற்கு ஏழு ஆண்டுகளுக்கு முன்புதான் கே.பி. சுந்தராம்பாள் இதே கதையில் நந்தனாராக நடித்திருந்தார். அப்படத்துக்கு அவர் பெற்ற ஒரு லட்ச ரூபாய் ஊதியம் நாடெங்கும் பேசப்பட்டது. ஆகவே மக்களுக்கு நன்கு தெரிந்த கதையை, மக்களுக்கு நன்கு தெரிந்த மற்றொரு குரலின் நினைவு மறையாத காலத்தில், தேசிகர் ஏற்றார்.

கதையின் வரலாறும் இங்கே கவனிக்கத்தக்கது. சேக்கிழாரின் திருநாளைப்போவார் புராணத்தில் நந்தனாரைத் தடுத்துத் துன்புறுத்தும் வேதியர் என்ற பண்ணையார் கிடையாது. அவரைப் படைத்தவர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் நந்தன் சரித்திரக் கீர்த்தனை பாடிய கோபாலகிருஷ்ண பாரதியார். அந்நூலை அச்சேற்றத் துணைநின்றவர் காரைக்காலில் பிரெஞ்சு அதிகாரியாக இருந்த சீசே என்பார். நாகை, காரைக்கால் வட்டாரத்துக் கதாகாலட்சேப மேடைகளில் வளர்ந்த இக்கதை, பிறகு நாடகத்துக்கும் அதன்பின் திரைக்கும் வந்தது. அதாவது, தேசிகர் ஏற்ற பாத்திரம் பெரியபுராணத்தின் விருத்தத்திலிருந்து கீர்த்தனைக்கும், கீர்த்தனையிலிருந்து திரைப்பாடலுக்கும் நகர்ந்து வந்த ஒன்று. இந்த மூன்று வடிவங்களையும் பழகிய குரல் அதற்குத் தேவைப்பட்டது.

அப்படத்தின் இரண்டு பாடல்களை எடுத்துக்கொள்வோம். "காண வேண்டாமோ" ஸ்ரீரஞ்சனியில் அமைந்தது. பஞ்சமம் இல்லாத ராகம். "பிறவா வரம் தாரும்" லதாங்கியில் அமைந்தது. பிரதி மத்திமம் கொண்ட மேளகர்த்தா, அதாவது ஏழு சுரங்களும் உடைய தாய் ராகம். இரண்டுமே பாபநாசம் சிவனின் பாடல்கள். இன்று கச்சேரி மேடைகளில் முறையான கீர்த்தனைகளாகவே பாடப்படுகின்றன. ஒரு திரைப்படத்துக்காக எழுதப்பட்டவை கச்சேரிக்குள் இடம்பெற்று எண்பது ஆண்டுகளாக நிலைத்திருப்பது அரிய செய்தி. சிவனின் புலமையே அதற்கு முதற்காரணம் என்பதில் ஐயமில்லை. அடுத்த காரணமாக, முதன்முதலில் பாடியவர் அவற்றைப் பாடிய விதத்தைச் சொல்வேன். முதற்பாடலில் ஒரு வினா இருக்கிறது. இரண்டாவதில் ஒரு வேண்டுதல் இருக்கிறது. பிருகாக்களை, அதாவது விரைவான சுர அலங்காரங்களை, அடுக்கி வினாவையும் வேண்டுதலையும் மறைத்துவிடாமல், ராகத்தின் உயர்ந்த இடங்களை அவற்றின் உச்சச் சொற்களுக்காகவே தேசிகர் ஒதுக்கி வைக்கிறார். கண்ணிருந்தும் கோபுரத்தைக் காணாதிருப்பதா என்ற தவிப்பு ஸ்ரீரஞ்சனியின் தாரஸ்தாயியில் ஏறும்போது, சுரஞானம் இல்லாதவருக்கும் நந்தனின் நிலை விளங்கிவிடுகிறது. சிதம்பரத்துக்குத் தெற்கிலிருந்து வருபவர்கள் தொலைவிலேயே கோபுரத்தைக் கண்டு கைகுவிப்பதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். அந்தப் பாடல் அவர்களுக்கு எழுதப்பட்டது போலவே இருக்கும்.

பின்னணிப் பாடகர்களின் காலம் வந்ததும், நடிப்பவரே பாட வேண்டும் என்ற தேவை நீங்கியது. தேசிகரின் திரைவாழ்வும் 1948ஆம் ஆண்டுப் படத்தோடு ஏறக்குறைய முடிவுக்கு வந்தது. இதைத் தோல்வியாகக் கொள்ள இடமில்லை. அவர் தேர்ந்துகொண்ட கதைகளின் காலமும் அத்தோடு முடிந்துவிட்டது.

திருவையாறு, 1946

1941 ஆகஸ்டில் அண்ணாமலை நகரில் நடந்த தமிழிசை மாநாட்டுக்குப் பின், கச்சேரிகளில் தமிழ்ப் பாடல்களுக்கு உரிய இடம் வேண்டும் என்ற கோரிக்கை இயக்கமாக வளர்ந்தது. ராஜா சர் அண்ணாமலைச் செட்டியார் அதற்கு முன்னரே தமிழ்ப் பாடல்களை ஊக்குவிக்கப் பரிசுத்தொகை அறிவித்திருந்தார். 1943இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் தோன்றியது. தேசிகர் இந்த இயக்கத்தின் முதன்மைக் குரல்களில் ஒருவரானார். 1946இல் திருவையாற்றுத் தியாகராசர் ஆராதனையில் அவர் "சித்தி விநாயகனே" என்ற தமிழ்ப் பாடலைப் பாடியதும், சந்நிதி தீட்டாகிவிட்டது என்று சொல்லப்பட்டதாக எழுந்த சர்ச்சையும் தமிழிசை வரலாற்றில் பதிந்துள்ளன. பெரியாரின் குடிஅரசு இதழில் கண்டனக் கட்டுரை வெளிவந்தது. எழுதியவர் அப்போது இருபத்தொரு வயதான மு. கருணாநிதி.

நெற்றி நிறையத் திருநீறும் கழுத்தில் உருத்திராக்கமும் அணிந்த ஒரு தேவாரப் பாடகருக்காகக் கடவுள் மறுப்பு இயக்கத்தின் இதழ் வாதாடியது என்ற செய்தியை நான் ஒவ்வொரு முறை வாசிக்கும்போதும் நின்று யோசிக்கிறேன். தமிழ் என்ற ஒரு பொது நிலம் இருந்ததால்தான் அது இயன்றது. அடுத்து வரும் பகுதிக்கும் அந்த நிலமே அடிப்படை.

புதுச்சேரிப் பாட்டும் தேஷ் ராகமும்

"துன்பம் நேர்கையில் யாழ் எடுத்து நீ" என்று தொடங்கும் பாரதிதாசன் பாடலைத் தேஷ் ராகத்தில் அமைத்தவர் தண்டபாணி தேசிகர். பாரதிதாசன் (1891–1964) புதுச்சேரியில் பிறந்து, பிரெஞ்சு அரசின் பள்ளிகளில் தமிழாசிரியராக இருந்தவர், பாரதியாரோடு பழகியவர், பின்னர் சுயமரியாதை இயக்கத்தின் கவிஞராக ஆனவர். தமிழில் இசைப்பாடல்கள் போதா என்ற குறையைத் தீர்க்கும் முனைப்போடு அவர் எழுதிய பாடல்கள் "இசையமுது" என்ற தொகுப்பில் உள்ளன. சைவ மரபின் பாடகரும் பகுத்தறிவு இயக்கத்தின் கவிஞரும் ஒரு பாட்டில் சந்தித்ததன் பயனை இன்று நாம் அனுபவிக்கிறோம்.

இந்த மெட்டை ஆராய்ந்தால் தேசிகரின் முறை முழுவதும் தெரியவரும். பாடலில் இறைவன் இல்லை, புராணம் இல்லை, தலம் இல்லை. துயருற்ற ஒருவர் தமக்கு அன்பான ஒருத்தியிடம் யாழ் மீட்டித் தமிழில் பாடி இன்பம் சேர்க்குமாறு வேண்டுகிறார். ஒவ்வொரு வேண்டுதலும் "மாட்டாயா" என்ற வினாவில் முடிகிறது. கனமான ராகம் ஒன்றை, தோடியையோ கல்யாணியையோ, அமைத்திருந்தால் பாடல் கீர்த்தனையாகி, கேட்பவர் ராகத்தைக் கவனித்திருப்பார். முகாரியில் அமைத்திருந்தால் துயரமே மேலோங்கி, இன்பம் சேர்க்கும் வேண்டுதல் மங்கியிருக்கும். தேசிகர் எடுத்துக்கொண்டது வடநாட்டிலிருந்து வந்த தேஷ். ஆரோகணத்தில் ஸ ரி ம ப நி ஸ என்று காந்தாரத்தையும் தைவதத்தையும் விட்டுக் காகலி நிஷாதத்தோடு ஏறி, அவரோகணத்தில் கைசிகி நிஷாதத்தோடு எல்லாச் சுரங்களையும் தொட்டு இறங்கும் ராகம் அது. ஏறும்போது திறந்து மலர்வதும் இறங்கும்போது குழைவதும் அதன் இயல்பு. ஏற்றத்தில் ஆவலையும் இறக்கத்தில் கனிவான வினாவையும் வைக்க வேண்டிய ஒரு பாட்டுக்கு இதைவிடப் பொருத்தமான ராகத்தை நினைத்துப் பார்ப்பது கடினம்.

தமிழிசைக்காகப் போராடியவர் இந்துஸ்தானி ராகத்தைத் தேர்ந்துகொண்டதில் முரண் ஏதும் இல்லை. அவருக்குத் தமிழிசை என்பது முதலாவதாகப் பாடலின் மொழியும் அதன் பொருளும் கேட்பவருக்குச் சென்று சேர்வது. அந்தப் பணிக்கு உதவும் ராகம் எங்கிருந்து வந்தாலும் அவர் ஏற்றுக்கொண்டார். பிற்காலத்தில் தமிழிசையைப் பழம்பண்களோடு மட்டும் பிணைத்துச் சுருக்க முயன்றவர்கள் இந்தப் பாடலை மனத்தில் வைத்துக்கொள்ளவில்லை என்றே சொல்வேன்.

இந்த மெட்டு அதன்பின் சென்ற பயணமும் வியப்பானது. சி.என். அண்ணாதுரையின் கதையில் ப. நீலகண்டன் இயக்கி 1951இல் வெளிவந்த ஓர் இரவு படத்தில் எம்.எஸ். ராஜேஸ்வரியும் வி.ஜே. வர்மாவும் இதைப் பாடினர், இசையமைப்பாளர் ஆர். சுதர்சனம். படத்தின் மூலம் அது அரசியல் மேடைகளின் ஓரத்துக்கும் கல்லூரி விழாக்களுக்கும் போனது. பிறகு மீண்டும் கச்சேரிக்குத் திரும்பி, சஞ்சய் சுப்ரமண்யன் போன்ற முன்னணிப் பாடகர்களின் குரலில் சென்னை இசைவிழா மேடைகளில் ஒலிக்கிறது. கச்சேரி, திரை, மேடை ஆகிய மூன்றிலும் மெட்டு பெரிதும் மாறாமலே இருக்கிறது. சொல்லுக்கு ஏற்ப அமைந்த மெட்டைப் பிறர் எளிதில் மாற்ற முடிவதில்லை. மாற்றினால் ஏதோ ஒரு சொல் நொண்டும். புதுச்சேரியிலும் கடலூரிலும் பள்ளி ஆண்டுவிழாக்களில் பிள்ளைகள் இதைப் பாடும்போது, பாடியவர் பெயரும் எழுதியவர் பெயரும் சொல்லப்படுகின்றன. மெட்டமைத்தவர் பெயர் சொல்லப்படுவது மிகக் குறைவு. அது வருந்தத்தக்கது. அறிவிப்பில் ஒரு வரி சேர்த்தால் போதும்.

சிதம்பர ஆண்டுகள்

1929இல் சிதம்பரத்தில் தொடங்கப்பட்ட இசைக்கல்லூரி பின்னர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்தது. சபேச ஐயர், டைகர் வரதாச்சாரியார், தஞ்சை நால்வர் மரபில் வந்த பொன்னையா பிள்ளை முதலியோர் அதை வளர்த்தவர்கள். விபுலாநந்த அடிகள் தமிழ்ப் பேராசிரியராக இருந்து, பின்னர் யாழ் நூலாக மலர்ந்த ஆராய்ச்சியில் ஈடுபட்டிருந்ததும் அப்பல்கலைக்கழகத்தில்தான். அத்தகைய இடத்தில் ஏறத்தாழப் பதினைந்து ஆண்டுகள் தேசிகர் இசைத்துறைத் தலைவராக இருந்தார். கோயிலில் தேவாரம் ஓதும் மரபைச் சேர்ந்த ஒருவர் பல்கலைக்கழகத்தின் இசைத்துறைக்குத் தலைமையேற்றது அக்காலத்தில் சிறிய செய்தி அன்று. ஓதுவாரின் அறிவை வழிபாட்டுக்கு உரியதாக மட்டும் கருதி, வித்துவானின் அறிவையே இசையறிவு என்று மதித்த ஒரு பிரிவினை அதனால் தளர்ந்தது.

பண் ஆராய்ச்சியில் அவருடைய பங்கை மதிப்பிட, அவ்வாராய்ச்சி எதிர்கொண்ட சிக்கலை அறிந்துகொள்ள வேண்டும். தில்லையில் பூட்டிக் கிடந்த திருமுறை ஏடுகளை நம்பியாண்டார் நம்பி மூலம் சோழ மன்னன் மீட்டபின், பாடல்கள் கிடைத்தனவே தவிரப் பண்முறை மறைந்திருந்தது என்றும், விருத்தாசலத்தை அடுத்த எருக்கத்தம்புலியூரில் திருநீலகண்ட யாழ்ப்பாணரின் மரபில் வந்த ஒரு பெண்மணியைக் கொண்டு பண்கள் வகுக்கப்பட்டன என்றும் மரபு சொல்கிறது. அதன்பின் நூற்றாண்டுகளாகப் பண்களைக் காத்தவை ஓதுவார்களின் நினைவும் நாவுமே. 1949 முதல் தமிழ் இசைச் சங்கம் ஆண்டுதோறும் நடத்திய பண் ஆராய்ச்சிக் கூட்டங்களில், எந்தப் பண்ணுக்கு எந்த ராகம் நிகர் என்று விவாதித்தார்கள். பழம்பஞ்சுரம் சங்கராபரணம், கௌசிகம் பைரவி, மேகராகக் குறிஞ்சி நீலாம்பரி என்பவை போன்ற இணைகள் இன்று பாடநூல்களில் உள்ளன. குறிஞ்சிப் பண் அரிகாம்போதிக்கு நிகரானது. இன்று குறிஞ்சி என்ற பெயரில் பாடப்படும் ராகத்துக்கு அன்று. பெயரை மட்டும் பார்த்து முடிவு செய்பவர் இங்கே வழுக்கிவிடுவார். நூலறிவோடு செவிவழி மரபும் தெரிந்த ஒருவர்தான் இத்தகைய இடங்களில் துணையாக முடியும். தேசிகர் அவ்விரண்டும் உடையவர்.

கச்சேரி உலகம் அளித்த இடம்

இவ்வளவும் இருந்தும், இருபதாம் நூற்றாண்டுக் கச்சேரி வரலாற்றை எழுதுபவர்கள் தேசிகரை முதல் வரிசையில் வைப்பதில்லை. அரியக்குடி ராமானுஜ ஐயங்கார் வகுத்த கச்சேரிப் பாணியில் ராக ஆலாபனை, நிரவல், கற்பனைச் சுரம், தனி ஆவர்த்தனம் என்பவையே ஒரு பாடகரை அளக்கும் கோல்களாயின. தேவாரமும் திருவருட்பாவும் விருத்தமாகக் கடைசிப் பகுதிக்குத் தள்ளப்பட்டன. எதில் தேசிகர் இணையற்றவராக இருந்தாரோ அது கச்சேரியில் துக்கடா, அதாவது இறுதியில் வரும் சிறு உருப்படி, ஆயிற்று. திரைப்புகழ் ஒரு பக்கமும், தமிழிசைப் போராளி என்ற அடையாளம் மறுபக்கமும் சேர்ந்து, அவருடைய இசையைத் தனியே கேட்டு மதிப்பிடும் வாய்ப்பைக் குறைத்தன. தமிழ் இசைச் சங்கம் அவருக்கு இசைப் பேரறிஞர் பட்டம் அளித்துப் பெருமை செய்தது. 1972 ஜூன் மாதம் அவர் மறைந்தபோது வயது அறுபத்து மூன்று.

இம்முடிவு எல்லாப் பாடகருக்கும் பொருந்துமா என்று கேட்டால், பொருந்தாது என்றே சொல்ல வேண்டும். கொள்ளிடத்தின் இரு கரைகளிலும் தோன்றிய வேறு இருவரோடு ஒப்பிட்டால் இது விளங்கும். சிதம்பரத்தில் பிறந்த சி.எஸ். ஜெயராமன் (1917–1995) பராசக்தி, புதையல் போன்ற படங்களில் பாடிப் புகழ்பெற்றார். அடிக்குரலின் கார்வையையும் சொற்களை இழுத்து நிறுத்தும் தனிப்பாங்கையும் திரைப்பாடலுக்கே உரிய அழகாக அவர் மாற்றிக்கொண்டார். சீர்காழி கோவிந்தராஜன் (1933–1988) தமிழ் இசைச் சங்கத்தின் கல்லூரியில் பயின்று, புல்லாங்குழல் வித்துவான் திருப்பாம்புரம் சுவாமிநாத பிள்ளையிடம் பாடம் கேட்டவர். கச்சேரி, பக்திப்பாடல், திரைப்பாடல் மூன்றிலும் கடைசிவரை ஓய்வின்றி இயங்கி 1983இல் பத்மஸ்ரீ பெற்றவர். சீர்காழிக்கு முதலில் கிடைத்தது தமிழிசை இயக்கம் கட்டியெழுப்பிய கல்லூரிக் கல்வி. தேசிகருக்கு அந்த இயக்கமே நடுவயதில்தான் வந்து சேர்ந்தது. அதற்குள் அவருடைய பாடும் முறை முழுமையடைந்துவிட்டது. ஆகவே, பல துறைகளில் பாட விரும்பும் மாணவர் எல்லாரும் ஓதுவார் பயிற்சியே பெற வேண்டும் என்று இவ்வாய்விலிருந்து விதி வகுக்க முடியாது. ஆனால் கீர்த்தனை தொடங்கிய பிறகு ஓய்வு நேரத்தில் விருத்தம் சொல்லிக்கொடுப்பது என்று நாங்கள் பலரும் பின்பற்றும் வரிசையைத் திருப்பிப் பார்க்க இது போதிய காரணம் தருகிறது. இப்போது என் வகுப்பில் புதிதாக வரும் பிள்ளைகளுக்குச் சரளி வரிசையோடு முதல் மாதத்திலேயே "ஈன்றாளுமாய்" திருவிருத்தத்தையும் தொடங்கிவிடுகிறேன்.